ஒரு துறைமுகம், இரண்டு பெயர்கள்: கெர்கெலன் தீவின் கிறிஸ்மஸ் துறைமுகம்

குஜராத்தின் மேற்கு முனையிலுள்ள துவாரகையிலிருந்து வரைபடத்தில் நேர்தெற்காக ஒரு கோடு இழுத்துப் பாருங்கள். இலட்சத்தீவுகளும் மாலத்தீவுகளும் சாகோஸ் தீவுகளும் கோட்டுக்குக் கிழக்கே விலகி நின்றுவிடும். மொரீஷியசும் ரொட்ரிக்சும் மேற்கே ஒதுங்கிவிடும். ஏறத்தாழ 7,900 கிலோமீட்டர் தொலைவுக்குத் தண்ணீரைத் தவிர வேறெதுவும் இல்லை. அதன் பிறகு அந்தக் கோடு சென்று சேரும் முதல் நிலம் கெர்கெலன் தீவுக்கூட்டத்தின் வடமுனை. அந்த முனையை ஒட்டியே, கிழக்கு நோக்கித் திறந்த ஒரு விரிகுடா இருக்கிறது. ஆங்கில வரைபடங்கள் நெடுங்காலமாக அதைக் கிறிஸ்மஸ் துறைமுகம் என்று குறித்துவந்தன. பிரெஞ்சு வரைபடத்திலோ ‘பறவை’ என்று பொருள்படும் உவாசோ என்னும் பெயர் விரிகுடாவுக்கும், கிறிஸ்மஸ் துறைமுகம் என்றே பொருள்படும் போர் கிறிஸ்மஸ் என்னும் பெயர் அதன் உட்பகுதிக்கும் உரியவை.

இத்துறைமுகத்தில் கப்பல் அணையும் மேடை இல்லை, சரக்குக் கிடங்கு இல்லை, கலங்கரை விளக்கம் இல்லை, குடியிருப்பவர் என்று ஒருவரும் இல்லை. அப்படியிருந்தும் அது ஏன் துறைமுகம் எனப்படுகிறது, மனிதர் வாழாத இடத்துக்கு ஏன் ஒன்றுக்கு இரண்டாகப் பெயர்கள் அமைந்தன என்னும் கேள்விகளுக்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கம். புவியியலைப் புதிதாகப் படிப்பவர்கள் நிலத்தின் அமைப்பை ஒரு பாடமாகவும் ஊர்ப்பெயர்களை வேறொரு பாடமாகவும் பிரித்துப் படிப்பது வழக்கம். கெர்கெலன் போன்ற ஒரு தீவில் அந்தப் பிரிவினை செல்லாது என்பது என் கருத்து. அங்கே ஒவ்வொரு பெயரும், எந்தக் கப்பல் எந்தத் தேவையோடு எந்த வழியாக உள்ளே வந்தது என்பதன் பதிவாக இருக்கிறது. கப்பல் எந்த வழியாக வர முடியும் என்பதை நிலத்தின் அமைப்பே முடிவு செய்கிறது.

முதலில் துறைமுகம் என்னும் சொல்லைக் கவனிப்போம். தமிழில் துறை என்பது நீரில் இறங்குவதற்கு வாய்ப்பான இடம். படித்துறை, தோணித்துறை என்று சொல்லும்போது நாம் கட்டடத்தை நினைப்பதில்லை. இறங்கவும் ஏறவும் தோதான கரையைத்தான் நினைக்கிறோம். பாய்மரக் கப்பல்களின் காலத்து மாலுமிக்கும் துறைமுகம் என்பது ஏறத்தாழ அதுதான். திறந்த கடலின் பேரலைகள் உள்ளே புகாத மறைவு வேண்டும். நங்கூரச் சங்கிலி எட்டும் ஆழத்தில், நங்கூரம் ஊன்றிப் பிடித்துக்கொள்ளும் தரை வேண்டும். பீப்பாய்களை நிரப்பிக்கொள்ள நன்னீர் வேண்டும். இம்மூன்றும் அமைந்துவிட்டால் மனிதர் ஒருவர்கூட இல்லாத கரையும் துறைமுகமே. இத்தகையதை இயற்கைத் துறைமுகம் என்கிறோம்.

இந்தத் தீவுகளைத் துணைத்துருவத் தீவுகள் என்று வகைப்படுத்துவதன் காரணம் தொடக்கநிலை வாசகர் பலரைக் குழப்பக்கூடியது. கிறிஸ்மஸ் துறைமுகம் ஏறத்தாழ தெற்கு 48 பாகை 41 கலையில் இருக்கிறது. பாரிஸ் நகரம் வடக்கு 48 பாகை 51 கலையில் இருக்கிறது. அதாவது நிலநடுக்கோட்டிலிருந்து இரண்டும் கிட்டத்தட்ட ஒரே தொலைவு. பாரிசில் கோடையில் மரநிழல் தேடி உட்காருகிறார்கள். கெர்கெலனில் நிழல் தர ஒரு மரம்கூட இயற்கையாக வளர்வதில்லை. தென்கோளத்தின் இந்த அகலாங்குகளில் காற்றையும் நீரோட்டத்தையும் தடுத்து நிறுத்தப் பெருநிலம் எதுவும் இல்லாமையே இதற்குக் காரணம். மேற்கிலிருந்து வீசும் காற்று உலகைச் சுற்றிச் சுற்றி வருகிறது. அதன் அடியில் குளிர்ந்த நீரோட்டம் அண்டார்டிகாவை வளைத்து ஓடுகிறது. அண்டார்டிகாவின் குளிர்நீர் வடக்கேயுள்ள சற்று வெதுவெதுப்பான நீரைச் சந்தித்து அதன் அடியில் அமிழும் எல்லைக்குத் துருவ முனைவெல்லை என்று பெயர். அந்த எல்லை கெர்கெலனுக்கு மிக அருகில் செல்கிறது. ஆகவே தீவின் ஆண்டுச் சராசரி வெப்பநிலை 5 பாகை செல்சியசை ஒட்டியே நிற்கிறது. குளிர்காலம் கடும் உறைகுளிராக இருப்பதில்லை. கோடையோ வெப்பமாக இருப்பதே இல்லை. துணைத்துருவம் என்னும் சொல் வரைபடக் கோட்டைக் காட்டிலும் கடல்நீரின் குளிர்ச்சியைச் சார்ந்தது என்று கொண்டால் குழப்பம் தீரும்.

தீவுக்கூட்டத்தின் மொத்தப் பரப்பு ஏறத்தாழ 7,200 சதுர கிலோமீட்டர். அதன் பெரும்பகுதி ஒரே பெருந்தீவு. சுற்றிலும் நூற்றுக்கணக்கான சிறு தீவுகளும் பாறைகளும் சிதறிக் கிடக்கின்றன. எரிமலைக் குழம்பு அடுக்கடுக்காகப் பரவி இறுகிய பசால்ட் பாறையால் ஆன நிலம் இது. இன்று வெளியே தெரியும் பாறைகளில் பழையவற்றின் வயது 3 கோடி ஆண்டுகளை ஒட்டியது. ஒரு படிவின் மேல் இன்னொரு படிவாக அமைந்திருப்பதால் மலைச்சரிவுகள் தொலைவிலிருந்து பார்க்கும்போது மாபெரும் படிக்கட்டுகளைப் போலத் தோன்றும். பனியூழிகளில் இந்தப் படிக்கட்டு நிலத்தின் மேல் பனியாறுகள் இறங்கி, பள்ளத்தாக்குகளை ஆழமாகக் குடைந்தன. பனி உருகிப் பின்வாங்கியபோது கடல்நீர் அந்தப் பள்ளங்களில் ஏறி நிரம்பியது. செங்குத்தான கரைகளும் ஆழமான உள்நீரும் கொண்ட இத்தகைய கடல்நுழைவுகள் ஃபியோர்டு எனப்படும். கெர்கெலனின் கரையோரம் இவற்றால் கிழிபட்டுக் கிடக்கிறது. பெருந்தீவில் எங்கே நின்றாலும் கடல் வெகுதொலைவில் இருப்பதில்லை.

கிறிஸ்மஸ் துறைமுகத்தின் வடிவத்தை முதன்முதலாகத் தெளிவாக எழுதிவைத்தவர் ஆங்கில மாலுமி ஜேம்ஸ் குக். 1776 டிசம்பரில் அவர் ரெசொல்யூஷன், டிஸ்கவரி என்னும் இரு கப்பல்களோடு இங்கு வந்தார். அவர் தந்த விவரம் இன்றும் படிப்பதற்கு உகந்தது; ஓர் அயலான் இருட்டிலும் மூடுபனியிலும் வழிதவறாமல் உள்ளே வருவதற்காக எழுதப்பட்டதால் அதில் வீண் சொல் இல்லை. நுழைவு மேற்கு நோக்கி ஏறத்தாழ இரண்டு மைல் உள்ளே செல்கிறது. பாதித் தொலைவுக்கு மேல் அகலம் ஒன்றேகால் மைல். அதன் பிறகு கரைகள் நெருங்கி அகலம் அரை மைலாகக் குறுகுகிறது. வாயிலில் ஆழம் 45 பாகம், அதாவது ஏறத்தாழ 82 மீட்டர். உள்ளே போகப்போக 30 பாகமாகி, கடைசியில் ஐந்து, நான்கு பாகம் வரை குறைகிறது. நம் கடற்கரை மீனவர்கள் இன்றும் கடலாழத்தைக் கைகளை விரித்து அளக்கும் பாகக் கணக்கிலேயே சொல்கிறார்கள் என்பதால் இந்த அளவைத் தமிழ் வாசகருக்கு அதிகம் விளக்க வேண்டியதில்லை. அடித்தரை எங்கும் நுண்ணிய கருமணல். நங்கூரம் பற்றிக்கொள்ள நல்ல தரை. துறைமுகத்தின் தலைப்பகுதி திசைகாட்டியின் 32 புள்ளிகளில் இரண்டுக்கு மட்டுமே திறந்திருக்கிறது. அந்த இரண்டையும்கூட வெளிக்கடலிலுள்ள தீவுகள் மறைத்துக்கொள்வதால் கப்பலுக்குத் தீங்கு செய்யும் அலை எதுவும் உள்ளே வராது என்கிறார் குக். உள்முனையில் ஒரு சிறு மணற்கரை. அதன் பின்னால் மெல்ல உயரும் மேடு. மேட்டின் மேல் பெரிய நன்னீர்க் குட்டை. மறைவு, தரை, தண்ணீர் என்று மேலே சொன்ன மூன்றும் ஓரிடத்தில் அமைந்திருப்பதை இதில் காணலாம்.

பாறைகளை எப்படிக் கண்டுகொள்வது என்பதற்கு அந்நீரே ஓர் ஏற்பாடு செய்து வைத்திருக்கிறது. கெல்ப் எனப்படும் பெருங்கடற்பாசி, நீரடிப் பாறையைப் பற்றிக்கொண்டு வளர்ந்து, மேற்பரப்புக்கு வந்து, பழுப்புநிறக் கொடிகளாக மிதந்து கிடக்கும். மணலில் அது வேரூன்றாது. எனவே நீர்மேல் கெல்ப் மிதக்கும் இடத்தின் அடியில் பாறை இருக்கிறது என்று பொருள். மாலுமிகள் அதைக் கண்டால் ஒதுங்கிப் போவார்கள். அச்சிட்ட கடல்வரைபடம் இல்லாத இடத்தில் இதைக் காட்டிலும் நம்பகமான எச்சரிக்கை வேறில்லை.

வெளியிலிருந்து வருபவர் இந்த நுழைவை மற்ற நுழைவுகளிலிருந்து பிரித்தறியக் குக் தந்த அடையாளம் தெற்கு வாயிலிலுள்ள உயர்ந்த பாறை. ஒருபுறமிருந்து மறுபுறம் வரை துளைபட்டு, பாலத்தின் வளைவு போலத் தோன்றும் அத்தகைய பாறை அக்கரை முழுவதிலும் வேறெங்கும் இல்லை என்று அவர் குறித்தார். அவரோடு பயணம் செய்த ஓவியர் ஜான் வெபர் வரைந்த துறைமுகக் காட்சியில் அந்த வளைவும், நங்கூரமிட்ட கப்பல்களும், கரையில் கூட்டமாக நிற்கும் பெங்குவின்களும் இடம்பெற்றிருக்கின்றன. வடபுறத்தில் தட்டையான உச்சியுடைய, ஏறத்தாழ 400 மீட்டர் உயரமுள்ள மேசைமலை எழுந்து நிற்கிறது.

அலை புகாத இத்துறைமுகத்தில் காற்று மட்டும் தாராளமாகப் புகும். இதை விரிவாக எழுதியவர் பிரித்தானியக் கடற்படை அதிகாரி ஜேம்ஸ் கிளார்க் ராஸ். எரிபஸ், டெரர் என்னும் இரு கப்பல்களோடு 1840 மே மாதத்தில் தீவைக் கண்ட பிறகும், எதிர்க்காற்று திரும்பத் திரும்ப வெளியே தள்ளியதால், உள்ளே வந்து நங்கூரம் பாய்ச்ச அவருக்குப் பல நாள்கள் பிடித்தன. அவர் தங்கிய 68 நாள்களில் 45 நாள்கள் புயற்காற்று வீசியது. மழையோ பனியோ பெய்யாத நாள்கள் மூன்றே மூன்று. மேற்கிலுள்ள மலைகள் கடலலையைத் தடுத்துவிடுகின்றன. ஆனால் அதே மலைகளின் மேல் ஏறிவரும் காற்று பள்ளத்தாக்கு வழியே சரிந்து, திடீர் வீச்சுகளாகத் துறைமுகத்தின் மேல் விழுகிறது. கரையில் நடந்தவர் நீருக்குள் தள்ளப்படாமலிருக்க மணலில் படுத்துக்கொள்ள நேர்ந்ததையும் ராஸ் எழுதியிருக்கிறார். ஃபியோர்டு வகைத் துறைமுகங்களின் பொதுக்குணம் இது: அலையிலிருந்து காப்பாற்றும் மலையே காற்றைக் குவித்து அனுப்பும்.

இனிப் பெயர்களுக்கு வருவோம். 1772 பிப்ரவரியில், மொரீஷியசிலிருந்து தெற்கே புறப்பட்ட பிரெஞ்சுக் கடற்படை அதிகாரி இவ்-ஜோசஃப் தெ கெர்கெலன் இந்த நிலத்தை முதலில் கண்டார். அக்காலத்து ஐரோப்பியர் பலர், உலகின் தெற்கே வளமான ஒரு பெருங்கண்டம் இருக்க வேண்டும் என்று நம்பினார்கள். கெர்கெலன் தாம் கண்டது அதன் ஒரு பகுதியே என்று எண்ணி, தெற்குப் பிரான்சு என்னும் பொருளில் அதற்குப் பெயரிட்டு, நாடு திரும்பி மன்னரிடம் பெருமையாக அறிவித்தார். உண்மையில் அவர் கரையில் இறங்கவே இல்லை. துணைக்கப்பலின் அதிகாரி ஒருவர்தான் தீவின் தென்மேற்கில் இறங்கி உரிமை கொண்டாடினார். இரண்டாம் பயணத்திலும் கெர்கெலன் இறங்கவில்லை. அந்தப் பயணத்தில், 1774 ஜனவரி 6 அன்று, உவாசோ என்னும் கப்பலின் அதிகாரி ரோஷ்கூட் வடமுனையை ஒட்டிய இந்த விரிகுடாவில் இறங்கினார். கப்பலின் பெயரே விரிகுடாவுக்குப் பெயரானது. உவாசோ என்றால் பறவை என்பதால், கரையிலுள்ள கடற்பறவைகளைக் கண்டு வைத்த பெயர் என்று ஒருவர் எளிதில் எண்ணிவிடலாம். பறவைகள் அங்கே ஏராளம் என்பது உண்மைதான்; பெயர் வந்தது கப்பலிலிருந்து.

பிரான்சு திரும்பிய கெர்கெலனுக்குப் பெருமை கிடைக்கவில்லை. பொய்யான எதிர்பார்ப்பை ஊட்டியது, பயணத்தைச் சரிவர நடத்தாதது முதலிய குற்றச்சாட்டுகளின் பேரில் அவர் கடற்படை நீதிமன்றத்தில் நிறுத்தப்பட்டு, பதவி பறிக்கப்பட்டுச் சிறையில் அடைக்கப்பட்டார். இந்தச் செய்தியெல்லாம் குக்குக்குத் தெரியாது. இரண்டாம் பயணம் ஒன்று நடந்ததையே அவர் அறிந்திருக்கவில்லை. 1775-இல் நன்னம்பிக்கை முனையில் க்ரோசே என்னும் பிரெஞ்சு மாலுமி காட்டிய வரைபடத்திலிருந்து முதல் பயணத்தைப் பற்றி மட்டும் அவர் தெரிந்துகொண்டிருந்தார்.

1776 டிசம்பர் 24 அன்று அடர்ந்த மூடுபனிக்கு நடுவே குக்கின் கப்பல்கள் வடமுனையை நெருங்கின. முதலில் தென்பட்டவற்றுள் ஒன்று, கடலிலிருந்து செங்குத்தாக எழும் ஓர் உருண்டைப் பாறைத் தீவு. கெர்கெலன் அதற்குச் சந்திப்புத் தீவு என்று பெயரிட்டிருந்தார். வானத்துப் பறவைகளைத் தவிர வேறெதுவும் அங்கே சந்திக்க வழியில்லை என்று எழுதிய குக், அதற்கு பிளைத் தொப்பி என்று பெயர் வைத்தார். பிளை என்பவர் அப்போது ரெசொல்யூஷன் கப்பலில் பணியாற்றிய வில்லியம் பிளை. பிற்காலத்தில் பவுண்டி என்னும் கப்பலின் மாலுமிகள் கலகம் செய்து படகில் இறக்கிவிட்டது இவரைத்தான்.

மறுநாள், கிறிஸ்மஸ் அன்று, இரு கப்பல்களும் உள்ளே வந்து நங்கூரம் பாய்ச்சின. ஆனால் அன்று விடுமுறை இல்லை. குடிநீர் நிரப்ப வேண்டியிருந்தது. கப்பலில் கொண்டுவந்த ஆடுமாடுகளுக்குப் புல் அறுக்க வேண்டியிருந்தது. புல்லோ அரிதாகவே கிடைத்தது. வேலையெல்லாம் பெரும்பாலும் முடிந்த 27-ஆம் நாளைத்தான் குக் தம் ஆட்களுக்குக் கிறிஸ்மஸ் விடுமுறையாக அளித்தார். பலர் கரையேறித் தீவின் உட்பகுதியைச் சுற்றினார்கள். மாலையில் ஒருவர் கையில் ஒரு கண்ணாடிப் புட்டியோடு திரும்பினார். துறைமுகத்தின் வடகரையில், துருத்திக்கொண்டிருந்த ஒரு பாறையில் கம்பியால் கட்டப்பட்டிருந்ததாம். உள்ளே ஒரு தோல்தாள். அதில் பிரெஞ்சு மன்னர் பதினைந்தாம் லூயியின் பெயரும், கடற்படை அமைச்சரின் பெயரும், 1772, 1773 என்னும் ஆண்டுகளும் இலத்தீன் மொழியில் எழுதப்பட்டிருந்தன. ரோஷ்கூட் விட்டுச்சென்ற புட்டி அது. குக் அந்தத் தாளைக் கிழித்தெறியவில்லை. அதன் மறுபக்கத்தில், தம் இரு கப்பல்களின் பெயரையும் 1776 டிசம்பர் என்னும் காலத்தையும் அதே இலத்தீனில் எழுதினார். 1772-ஆம் ஆண்டு அச்சிட்ட சிறு வெள்ளி நாணயம் ஒன்றையும் சேர்த்துப் புட்டியில் இட்டு, வாயை ஈயத்தால் மூடி, வடகரை மேட்டில் கற்குவியல் ஒன்றில் வைத்தார். பிறகு பிரித்தானியக் கொடியை ஏற்றி, அந்த இடத்துக்குக் கிறிஸ்மஸ் துறைமுகம் என்று பெயரிட்டார்.

ஒரே தாளின் ஒருபுறம் ஒரு நாடு, மறுபுறம் இன்னொரு நாடு. இந்தத் துறைமுகத்தின் பெயர் வரலாற்றை யாருக்காவது விளக்க வேண்டுமென்றால் நான் அந்தத் தாளிலிருந்துதான் தொடங்குவேன்.

பண்டிகை நாளைப் பெயராக்குவது குக்கின் பழக்கம். 1774 கிறிஸ்மஸை அவர் தென்னமெரிக்காவின் தெற்கு முனையில் கழித்தார். அந்த நுழைவு இன்றும் கிறிஸ்மஸ் நீரிணைப்பு. 1777 கிறிஸ்மஸ் பசிபிக் கடலின் ஒரு பவளத்தீவில் கழிந்தது. அதுவும் கிறிஸ்மஸ் தீவானது. கிரிபாட்டி நாட்டைச் சேர்ந்த அத்தீவை இப்போது கிரிட்டிமாட்டி என்று எழுதுகிறார்கள். உள்ளூர் எழுத்துமுறையில் அதுவும் கிறிஸ்மஸ் என்னும் சொல்தான். இந்தியப் பெருங்கடலில் சாவகத்துக்குத் தெற்கே ஆஸ்திரேலியாவுக்குச் சொந்தமான கிறிஸ்மஸ் தீவு வேறு. அதற்கு 1643-இல் அங்கு வந்த வேறோர் ஆங்கில மாலுமி பெயரிட்டார். வரைபடத்தில் கிறிஸ்மஸ் என்று தேடுபவர்கள் இந்த நான்கையும் குழப்பிக்கொள்ளக் கூடாது.

தீவு முழுமைக்கும் பெயரிடும்போது குக் வேறொரு பண்பைக் காட்டினார். இந்நிலத்தின் வெறுமையைப் பார்த்தால் இதைப் பாழ்த்தீவு என்றழைப்பதே பொருந்தும், ஆனால் கெர்கெலனுக்கு உரிய பெருமையைப் பறிக்க விரும்பவில்லை என்னும் கருத்தில் எழுதி, கெர்கெலன் நிலம் என்றே வைத்தார். சொந்த நாட்டில் சிறையில் கிடந்த ஒருவரின் பெயரை எதிர்நாட்டு மாலுமி வரைபடத்தில் காப்பாற்றிக் கொடுத்திருக்கிறார் என்பது எனக்கு எப்போதும் நெகிழ்ச்சி தருகிறது. ஆனாலும் பாழ்த்தீவு என்னும் பெயரும் மறையவில்லை. பின்னர் கடல்நாய்களை வேட்டையாட வந்த அமெரிக்க, ஆங்கிலக் கப்பல்களின் ஆட்கள் அந்தப் பெயரையே தங்களுக்குள் புழங்கினார்கள்.

பறவை விரிகுடா, கிறிஸ்மஸ் துறைமுகம் ஆகிய இரண்டில் ஒன்று ஏன் மற்றொன்றை அழிக்கவில்லை? இதற்கு விடை அந்த நுழைவின் வடிவத்திலேயே இருக்கிறது. அகன்ற வெளிப்பகுதி, குறுகிய உட்பகுதி என்று அது இயல்பாகவே இரண்டாகப் பிரிந்திருக்கிறது. 1893 ஜனவரியில் பிரெஞ்சுக் கடற்படைக் கப்பல் ஒன்று வந்து தீவுகளின் மேல் பிரான்சின் உரிமையை மீண்டும் உறுதி செய்தது. அதற்குள் ஆங்கில வரைபடங்கள் நூறாண்டுக்கு மேல் மாலுமிகளின் கைகளில் புழங்கிவிட்டதால் குக்கின் பெயர்களில் பல வேரூன்றியிருந்தன. ஆகவே வெளிப்பகுதி முழுவதற்கும் உவாசோ விரிகுடா என்னும் பழைய பிரெஞ்சுப் பெயரும், கப்பல்கள் தங்கும் உள்முனைக்குப் போர் கிறிஸ்மஸ் என்னும் பெயரும் நிலைபெற்றன. கிறிஸ்மஸுக்குப் பிரெஞ்சில் நொயெல் என்று சொந்தச் சொல் உண்டு. அப்படியிருந்தும் போர் என்னும் பிரெஞ்சுச் சொல்லோடு கிறிஸ்மஸ் என்னும் ஆங்கிலச் சொல் அப்படியே ஒட்டி நிற்கிறது. பிரெஞ்சு வரைபடத்துக்குள் குக்கின் குரல் கேட்கும் இடம் அது.

எல்லாப் பெயருக்கும் இந்த வாய்ப்புக் கிடைக்கவில்லை. தீவின் கிழக்கிலுள்ள பெரிய உள்கடலுக்குக் குக் அரச நீரிணைப்பு என்று பெயர் வைத்தார். பிரெஞ்சுக்காரர்கள் அதை மோர்பியான் வளைகுடாவாக மாற்றிவிட்டார்கள். மோர்பியான் என்பது கெர்கெலனின் தாயகமான பிரிட்டனி மாநிலத்தில், தீவுகள் நிறைந்த ஓர் உள்கடலின் பெயர். பிரெத்தோன் மொழியில் சிறுகடல் என்று பொருள். இங்கே பெயர்மாற்றத்துக்கு அரசியலோடு வடிவ ஒற்றுமையும் காரணமாக இருந்திருக்கிறது. இப்போது ஆய்வாளர்கள் தங்கும் போர்-ஓ-பிரான்சே நிலையம் அந்த வளைகுடாவின் கரையில்தான் இருக்கிறது. 1950-களின் தொடக்கத்திலிருந்து இயங்கிவருகிறது. தீவின் மிக உயர்ந்த சிகரம், 1,850 மீட்டர் உயரமுள்ளது, ராஸின் பெயரைத் தாங்கி நிற்கிறது; மேற்கிலுள்ள பெரும் பனிக்கவிப்பு குக்கின் பெயரைத் தாங்குகிறது.

செடிக்குக்கூட இங்கே ஒரு பெயர்க்கதை உண்டு. இத்துறைமுகத்தின் சரிவுகளில் முட்டைக்கோசைப் போன்ற ஒரு தடித்த இலைச்செடியைக் குக்கின் கப்பல் மருத்துவர் வில்லியம் ஆண்டர்சன் கண்டார். ஸ்கர்வி நோயைப் பற்றி ஆராய்ந்தவரும் அரச கழகத்தின் தலைவருமான ஜான் பிரிங்கிளின் நினைவாக அதற்குப் பிரிங்கிலியா என்னும் பெயர் அமைந்தது. புதிய காய்கறி இல்லாமல் மாதக்கணக்கில் பயணம் செய்து பல்லீறு வீங்கிச் சாகும் மாலுமிகளுக்கு அந்தக் கார இலை மருந்தாகவே இருந்தது. ராஸின் ஆட்கள் தங்கிய காலம் முழுவதும் அதைச் சமைத்துத் தின்றார்கள். ராஸின் கப்பலில் வந்த இளம் தாவரவியலர் ஜோசஃப் ஹுக்கர் தமது 23-ஆம் பிறந்தநாளை, 1840 ஜூன் 30 அன்று, இத்துறைமுகத்தில்தான் கழித்தார். குளிர்காலமாதலால் பாறைகளில் பாசி போல ஒட்டி வளரும் லைக்கன்கள் உறைந்து இறுகியிருந்தன. அவற்றைச் சுத்தியலால் உடைத்தெடுத்தார். உடைக்க வராதபோது, பனி இளகும் வரை அவற்றின் மேலேயே உட்கார்ந்திருந்து பெயர்த்தெடுத்தார். ஒரு நிலத்தை அறிவதற்கு எவ்வளவு பொறுமை வேண்டும் என்பதை இதற்கு மேல் எனக்குச் சொல்லத் தெரியவில்லை. 1874-இல் தீவில் விடப்பட்ட முயல்கள் பெருகி இந்தச் செடியைப் பல இடங்களில் மேய்ந்து தீர்த்துவிட்டன என்பது வருந்தத்தக்க செய்தி.

இன்று இத்தீவுகள் பிரெஞ்சுத் தென்னிலங்களின் பகுதி. 2019-இல் யுனெஸ்கோ அவற்றை உலக மரபுச் சொத்தாக அறிவித்தது. விமானத்தளம் கிடையாது. ரீயூனியனிலிருந்து மாரியோன் டுஃப்ரேன் என்னும் கப்பல் ஆண்டுக்குச் சில முறை போர்-ஓ-பிரான்சேக்கு வந்து போகிறது. கிறிஸ்மஸ் துறைமுகமோ தீவின் மறுமுனையில், பெங்குவின்களுக்கும் கடல்யானைகளுக்கும் உரிய இடமாக, ஆளரவமின்றிக் கிடக்கிறது.

குக் சொன்ன அடையாளத்தை நம்பி இப்போது அங்கே செல்பவர் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். ரேமோன் ராலியே து பாத்தி என்னும் பிரெஞ்சு மாலுமி 1908-இல் வந்தபோது வளைவு முழுமையாக நின்றது. 1913-இல் அவர் மீண்டும் வந்தபோது அதன் மேற்பகுதி கடலில் சரிந்துவிட்டிருந்தது. எஞ்சியிருப்பவை, நூறு மீட்டரை ஒட்டிய உயரத்தில் எதிரெதிரே நிற்கும் இரண்டு பாறைத் தூண்கள். வரைபடங்களில் அந்த முனை இன்றும் வளைவு முனை என்றே குறிக்கப்படுகிறது. வடக்கிலிருந்து கடற்கரையை ஒட்டி வரும் கப்பல், முதல் நுழைவின் தெற்கு வாயிலில் அந்த இரு தூண்களையும் காணும்போது, உள்ளே கருமணல் தரை இருக்கிறது என்று நம்பித் திரும்பலாம்.